நாட்காட்டியில் நான் ஒட்டிய பச்சைப் பொட்டுகள்

அம்மு,

இந்தக் காகிதம் உன் கண்ணில் படும்போது நீ பாதிப் பின்னலும் வாயில் ஹேர்பின்னுமாக மேல் அறைக் கண்ணாடி முன்னால் நின்றுகொண்டிருப்பாய். கம்பெனி பஸ் வர இன்னும் பத்து நிமிடம் இருக்கும். அந்த நேரத்தில் நான் கேன்டீனில் மூட்டை வெங்காயத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பேன். நீ இரண்டாம் ஷிப்ட், நான் முதல் ஷிப்ட். ஒரே வீட்டில் இருந்துகொண்டு, ஒரகடம் ரோட்டில் எதிரெதிர் பஸ்ஸிலிருந்து கையாட்டிக்கொள்கிற அம்மாவும் மகளும் நாம் மட்டும்தான் என்று நினைக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை நேரில் சொல்லலாம்தான். ஆனால் என் வாய் உனக்குத் தெரியும். துக்க வீட்டுக்குப் போனாலும் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவளைச் சிரிக்க வைத்துவிட்டுத்தான் வரும். எழுத்தில் கொஞ்சம் அடங்கும் என்று நம்புகிறேன். அடங்காது என்று நீ முணுமுணுப்பது இங்கே கேட்கிறது.

மடித்து உன் பையில் வைத்திருக்கலாம். வேண்டுமென்றேதான் காலண்டருக்குப் பக்கத்தில், விரித்தபடி, நாலு மூலையிலும் டேப் போட்டு ஒட்டியிருக்கிறேன். மாரிச்செல்வி படிக்கட்டும். அறையிலிருக்கும் மற்ற இரண்டு பெண்களும் படிக்கட்டும். பொய்யை நாலு பேர் எதிரில் சொன்னவள், உண்மையை மட்டும் உன் காதில் கிசுகிசுத்துவிட்டுத் தப்பித்துக்கொண்டால் அது நியாயமில்லை.

சனிக்கிழமை டாக்டரிடம் தனியாகப் போகப் போவதாகச் சொல்லிவிட்டாய். "நீயும் வராத, அவளும் வர வேணாம்." மாரிச்செல்வி சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் வேறு அறை பார்த்து முன்பணமும் கொடுத்துவிட்டாள். இரண்டுக்கும் காரணம் அவள் என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். இல்லை. இரண்டுக்கும் காரணம் நான்.

முதலிலிருந்து சொல்கிறேன். நம் மாடியில் அறை கட்டி வாடகைக்கு விட்டபோது எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. பிள்ளைப்பாக்கத்தில் எந்த மொட்டைமாடியைப் பார்த்தாலும் கொடியில் கம்பெனிச் சட்டை காய்கிறது, நம் வீட்டில் மட்டும் ஏன் காயக்கூடாது என்று நான்தான் உன் அப்பாவை நச்சரித்தேன். சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து மாரிச்செல்வி ஒரு சூட்கேஸோடு வந்து இறங்கினாள். உன் கம்பெனி, உன் லைன், உனக்கு அடுத்த ஸ்டூல். இரண்டு வாரத்தில் நீ தலையணையைத் தூக்கிக்கொண்டு மேலே போய்விட்டாய். "ஷிப்ட் முடிச்சி வந்து உங்களை எழுப்ப வேணாம்னுதாம்மா" என்றாய். எவ்வளவு அக்கறை! மாரி என்றால் மழை. மாடியில் மாரி பெய்தது, கீழே நான் காய்ந்தேன்.

நீ சிரிப்பது கூரை வழியாகக் கேட்கும். "இன்னாடி சாப்ட்ட?" என்று நான் கேட்டால் கீழே வருவது "சோறு" என்ற ஒரே சொல்தான். அதே நீ அவளிடம், லைனில் எந்த சூப்பர்வைசர் எப்படித் தும்மினான் என்பது வரை நடித்துக் காட்டுவாய். என் மீன் குழம்பு சட்டியோடு மேலே போய்ப் பாதி திரும்பி வரும். அவள் வைத்த புளிக்குழம்பை வழித்துச் சாப்பிட்டுவிட்டுச் சட்டியைக் கழுவிக்கூட வைப்பாய், நம் வீட்டில் சட்டியைக் கழுவியே அறியாதவள். ஒருநாள் நான் கீழிருந்து கூப்பிட்டதற்கு, "என்னத்துக்கு இப்படி கத்துதிய?" என்று மாரி ஊர்ப் பேச்சில் எட்டிப் பார்த்துக் கேட்டாய். பிள்ளைப்பாக்கத்தில் பிறந்து 'இன்னா' என்று பேச்சைத் தொடங்கியவள்! நான் வாடகைக்கு விட்டது அறையை மட்டும்தான், உன் நாக்கையும் சேர்த்து எவளோ எடுத்துக்கொண்டு போய்விட்டாள் என்று அன்று முழுவதும் கருவேப்பிலையை உருவிக்கொண்டே கருவிக்கொண்டிருந்தேன்.

என் குறும்பு உனக்குப் புதிதில்லை. ஏழாம் வகுப்பில் "பஞ்சு மாதிரி இட்லி வேணும்" என்று அடம் பிடித்தாய் என்று டிபன் பாக்ஸின் மேல்தட்டில் பஞ்சையே உருட்டி வைத்து அனுப்பினேனே, கீழ்த்தட்டில் நிஜ இட்லி இருந்ததைப் பார்க்காமலேயே அழுதுவிட்டாய். அன்றைக்கே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். நான் சிரிக்கிற இடத்தில் நீ பசியோடு இருந்திருக்கிறாய்.

இந்த மாத முதல் வாரம், நீங்கள் எல்லோரும் ஷிப்டுக்குப் போன பிறகு, காய்கிற வற்றலைத் திருப்பிப் போட மாடிக்கு வந்தேன். அறைக் கதவு திறந்திருந்தது. கண்ணாடிக்குப் பக்கத்தில் ஷிப்ட் காலண்டர், கண்ணாடி ஓரத்தில் ஸ்டிக்கர் பொட்டு அட்டைகள். காலண்டரிலும் பொட்டு. பழைய தாள்களைப் புரட்டிப் பார்த்தேன். மாதத் தாள் ஒவ்வொன்றிலும் சிவப்பு ஒன்று, நீலம் ஒன்று, கறுப்பு ஒன்று என்று ஒட்டியிருந்தது. சிவப்பு மாரிச்செல்வியின் நிறம், அவள் நெற்றியைப் பார்த்தாலே தெரியும். பச்சை உன்னுடையது. சிவப்பு மாதம் தவறாமல் இருந்தது. பச்சை மட்டும் முடிந்துபோன ஒன்பது மாதத்தில் நாலே நாலு.

பள்ளிக்கூடத்தில் நன்றாகப் படித்தால் நட்சத்திரம் ஒட்டுவார்களே, அதுபோல லைனில் டார்கெட் முடித்தவளுக்குப் பொட்டு என்று நினைத்துக்கொண்டேன். சிரிக்காதே. நாலு பெண்கள், மாதத்துக்கு ஒரு முறை, தேதி. இரண்டும் இரண்டும் நாலு என்று எனக்குப் புரிந்திருக்க வேண்டும். ஆனால் அந்தத் தேதியைச் சுவரில் மாட்டி வைக்கலாம் என்பதே என் புத்திக்கு எட்டாத சங்கதி. நாங்கள் அதை உள்பாவாடையோடு மறைத்துத் துவைத்து, துண்டுக்கு அடியில் காயப்போட்டவர்கள். எனக்குத் தோன்றியதெல்லாம் ஒன்றுதான்: அவளுக்கு ஒன்பது, என் பொண்ணுக்கு நாலா? அட்டையிலிருந்து பச்சையை உரித்தேன். விட்டுப்போன ஐந்து மாதங்களிலும் ஒவ்வொன்று ஒட்டினேன். எல்லாம் முடிந்துபோன மாதத் தாள்கள், யாரும் திருப்பிப் பார்க்கப் போவதில்லை. ஒன்பதுக்கு ஒன்பது. மாரியோடு நீ சமம். வற்றலைத் திருப்பிப் போட்டுவிட்டு விசிலடித்துக்கொண்டே கீழே இறங்கினேன்.

அடுத்த வாரமே உன் கம்பெனி மருத்துவ அறை நர்ஸ் உன்னை வெளியே பெண் டாக்டரிடம் காட்டச் சொன்னார். நீ அதை முதலில் யாரிடம் சொன்னாய்? மாரியிடம். எனக்குத் தெரிந்தது மூன்றாம் நாள், அதுவும் "உன் சேலை ஒண்ணு குடும்மா, டாக்டர் கிட்ட போவணும்" என்று கேட்டபோது. ஸ்ரீபெரும்புதூரில் அந்த டாக்டர் அறையில் நோயாளி நாற்காலிக்குப் பக்கத்தில் ஒரே ஒரு நாற்காலிதான். நான் உள்ளே நுழைவதற்குள் மாரி அதில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்தாள். "நீங்க இருங்க அத்தை" என்றாள். அந்த மரியாதைகூட எனக்கு எரிந்தது.

டாக்டர் கேட்ட முதல் கேள்வியே தேதிதான். "பீரியட்ஸ் எத்தனை நாளைக்கு ஒரு தடவை வருது? கடைசியா எப்போ வந்தது?"

நீ விரல் விட்டு எண்ணத் தொடங்கினாய். மாரி பையைத் திறந்து, சுருட்டி வைத்திருந்த காலண்டரை எடுத்து மேசையில் விரித்தாள். "இதுல குறிச்சிருக்கு டாக்டர். லைன்ல நடுவுல எந்திச்சுப் போணும்னா நம்ம இடத்துல நிக்க ஆளு வேணும்லா, முன்கூட்டிச் சொல்லி வைக்கத்தான் இப்படிக் குறிச்சு வைக்கோம். பச்சை இவளுக்கு."

அந்தப் பொட்டுகள் என்னவென்று எனக்கு அந்த நொடியில்தான் தெரிந்தது, அம்மு.

டாக்டர் தாள்களைப் புரட்டினார். "மாசம் ஒண்ணு இருக்கே. ரெகுலராத்தானே வருது?"

"இல்ல டாக்டர், தள்ளித்தள்ளித்தான் வருது. போன மாசம் வரவே இல்ல" என்றாய் நீ.

"போன மாசம் இங்க குறிச்சிருக்கே?"

நீ மாரியைப் பார்த்தாய். மாரி உன்னைப் பார்த்தாள். "ஏட்டி, நீதான ஒட்டுன?" என்றாள். "நான் எங்கடி ஒட்டினேன், நீதான எப்பவும் ஒட்டுவ" என்றாய். டாக்டர் என்னைப் பார்த்தார். "நீங்க அம்மாவா? நீங்க சொல்லுங்க."

சொல்லியிருக்கலாம். ஒரு வரிதான்: 'நான்தான் விளையாட்டுக்கு ஒட்டினேன்.' மாரி எதிரில் என்னால் அந்த வரியைச் சொல்ல முடியவில்லை. உன் தேதி ஒன்றுகூட எனக்குத் தெரியாது என்பதையும் அவள் எதிரில் ஒப்புக்கொள்ள முடியவில்லை. "மாசாமாசம் சரியாத்தான் வருது டாக்டர். இவ ஷிப்ட் ஷிப்டா போறா, மறந்துடறா" என்றேன். "அம்மாவுக்குத் தெரியாம இருக்குமா" என்று டாக்டர் எழுதிக்கொண்டார். அந்த ஒரு வரியை எத்தனை நாளாகக் கேட்கக் காத்திருந்தேன் தெரியுமா? பொய்க்குக் கிடைத்த பரிசு என்று தெரிந்தும் எனக்கு உள்ளே குளிர்ந்தது. இதை எழுதாமல் விட்டால் இந்தக் கடிதமும் இன்னொரு பொட்டாகிவிடும்.

பிறகு என்னைக் கேட்டார். உங்களுக்கு எப்படி இருந்தது, வீட்டில் யாருக்காவது சர்க்கரை உண்டா என்று. "எனக்கு கடிகாரம் மாதிரி டாக்டர்" என்றேன். "சர்க்கரை டீயிலதான் இருக்கு" என்றேன். டாக்டர்கூடச் சிரித்தார்.

ஸ்கேனுக்குத் தண்ணீர் குடித்துச் சிறுநீரை அடக்கிக்கொண்டு உட்காரச் சொன்னபோது, "அடக்குறது எங்களுக்குப் பழக்கம்தான் மேடம், டெய்லி டியூட்டியே அதான்" என்று நீ சொன்னாய். ஸ்கேன் அறைப் பெண் சிரித்தார், மாரி சிரித்தாள், எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. உள்ளே ஒருவர்தான் வரலாம் என்றார்கள். நீ திரும்பி என்னைப் பார்க்காமலே "மாரி, வாடி" என்றாய். காலித் தண்ணீர் பாட்டிலோடு நான் வெளியே நின்றேன்.

ரத்தப் பரிசோதனை முடிவெல்லாம் வந்தபின் இரண்டாம் முறை போனோம். டாக்டர் பொறுமையாகத்தான் விளக்கினார். பிசிஓஎஸ் என்றார். நம் ரோட்டில் புதிதாக வந்திருக்கும் ஏதோ கம்பெனிப் பெயர்போல எனக்குக் கேட்டது. "நீர்க்கட்டின்னு வெளிய சொல்றாங்களே, அதா? கட்டின்னா ஆபரேஷனா?" என்று நான் பதறியதும், "கட்டியெல்லாம் இல்லம்மா. சினைப்பையில வளராம நின்னுபோன குட்டிக்குட்டி முட்டைப்பைங்க. ஸ்கேன்ல அது நிறைய தெரியுது. ஆனா இந்த வயசுல எந்தத் தொந்தரவும் இல்லாத பொண்ணுங்களுக்கும் அப்படித் தெரியலாம். அதை மட்டும் வச்சு முடிவு பண்ண மாட்டோம்" என்றார். மூன்று விஷயம் பார்ப்பார்களாம். மாதவிடாய் தள்ளித்தள்ளிப் போகிறதா. ஆண்களுக்கு அதிகம் சுரக்கிற ஹார்மோன் கூடியிருப்பது ரத்தத்திலோ, முகத்து முடியிலோ, பருவிலோ தெரிகிறதா. ஸ்கேனில் சினைப்பை எப்படி இருக்கிறது. மூன்றில் இரண்டாவது இருக்க வேண்டும். தைராய்டு போல வேறு காரணம் ஏதும் இல்லை என்றும் பார்த்துக்கொள்ள வேண்டும். உனக்குத் தைராய்டு சரி. அந்த ஹார்மோனும் அளவோடுதான் இருக்கிறது. தாடையில் நாலு பரு இருப்பதை வைத்து எதுவும் சொல்ல முடியாது. ஸ்கேன் ஒன்று ஆயிற்று. மிச்சம் இருந்தது காலண்டர்.

"காலண்டர்படி ரெகுலர். அப்போ ரெண்டு சேரல. கொஞ்ச மாசம் ஒழுங்கா குறிச்சிக்கிட்டு வா, அப்புறம் பார்க்கலாம்" என்றார். நீ விடாமல், அடுத்த சனிக்கிழமையே இன்னொரு முறை வந்து பேசலாமா என்று கேட்டு வாங்கினாய்.

நான் சுவரில் மாட்டியிருந்த கர்ப்பப்பைப் படத்தை ஏதோ கோவில் படம்போலப் பார்த்துக்கொண்டு நின்றேன். நாட்காட்டிக்குப் பொட்டு வைத்து, உனக்கு நாமம் போட்டுவிட்டேன்.

அன்று வீட்டுக்கு வந்ததும் மாடியில் சண்டை. வாழைக்காய் பஜ்ஜித் தட்டோடு படியில் நின்றபடி எல்லாம் கேட்டேன். "உன்ன யாருடி கேட்டா இஷ்டத்துக்கு ஒட்டச் சொல்லி? எனக்கு ஒண்ணுமே இல்லாம நான் நடிக்கிறேன்னு அந்த டாக்டர் நெனச்சிருப்பாங்க!" என்று நீ கத்தினாய். "சத்தியமா நான் ஒட்டலட்டி. என்னைய நம்பலைன்னா நான் எதுக்கு இங்க இருக்கணும்?" என்று அவள் குரல் உடைந்தது. எனக்கு ஒரு நொடி சந்தோஷமாக இருந்தது, அம்மு. ஒரே நொடி. அடுத்த நொடி நீ தலையணையோடு கீழே இறங்கி வந்து, என்னைத் தாண்டிப்போய் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிப் படுத்துக்கொண்டாய். "நான் நடிக்கிறேனாம்மா?" என்று சுவரைப் பார்த்துக் கேட்டாய். அன்றிலிருந்து தலை பின்ன மட்டும்தான் மேலே போகிறாய். உன்னைத் திரும்பக் கீழே கொண்டுவர வேண்டும் என்று நான் ஆசைப்பட்டது இப்படியில்லை.

நீ நடிக்கவில்லை. நடித்தது நான், அதுவும் இருபத்தைந்து வருடத்துக்கு மேலாக.

டாக்டரிடம் நான் சொன்ன கடிகாரம் எந்தக் காலத்திலும் ஓடியதில்லை. கல்யாணத்துக்கு முன்பே எனக்கு மூன்று மாதம், சில சமயம் ஐந்து மாதம் தள்ளிப்போகும். கல்யாணமாகி நீ பிறக்க ஐந்து வருடம் ஆனது. ஒவ்வொரு முறை நாள் தள்ளும்போதும் வீடே என் வயிற்றைப் பார்க்கும், பிறகு ஒருநாள் எல்லோரும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். உன் அத்தை ஒருமுறை பந்தியில் வைத்தே, "இவளுக்கு மாசமும் தெரியாது, மாசமாவும் தெரியாது" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். இன்னும் சத்தமாக. அன்றைக்குக் கற்றுக்கொண்டதுதான் இந்த வாய்; அடுத்தவள் சிரிக்கும் முன்னால் நானே சிரித்துவிட வேண்டும். மோவாயில் முளைக்கிற முடியை உன் அப்பா எழுவதற்கு முன் நூல் வைத்துப் பிடுங்கிவிடுவேன். இருபத்தேழு வருடம் பக்கத்தில் படுத்த மனுஷனுக்கு அது இன்றைக்குத்தான் தெரியப் போகிறது, மேலே வந்து இதைப் படித்தால். எத்தனை பேரிடம் காட்டினோம். உடம்புச் சூடு என்றார்கள், வெந்தயம் என்றார்கள், மனசை நல்லா வச்சுக்கோ என்றார்கள். ஒருவரும் தேதி கேட்கவில்லை. சர்க்கரையும் டீயில் மட்டும் இல்லை. போன கேன்டீன் பரிசோதனையில் எல்லையில் நிற்கிறது என்று சொல்லிவிட்டார்கள்.

இப்போது சொல்லிவிடுகிறேன். நான் மாரியைப் பார்த்து மட்டும் பொறாமைப்படவில்லை. உன்னைப் பார்த்தும்தான். உனக்கு ஒரு டாக்டர் தேதி கேட்டார். உன் தேதியை நீ மறந்தாலும் மறக்காத ஒருத்தி பக்கத்தில் இருந்தாள். உன் அவஸ்தைக்கு ஒரு பெயர் கிடைக்கவிருந்தது. எனக்குக் கிடைத்ததெல்லாம் பட்டப்பெயர்தான். பெற்ற மகளைப் பார்த்து ஒரு அம்மா இதற்கெல்லாம் வயிறெரிவாளா என்று கேட்காதே. எரிந்தது. எரிந்த வயிற்றோடுதான் உனக்கு இட்லியும் வைத்துக்கொடுத்தேன்.

அதனால் சனிக்கிழமை நீ இந்தக் காலண்டரை எடுத்துக்கொண்டு போ. நான் ஒட்டிய ஐந்து பச்சையின் மேலும் பேனாவால் பெருக்கல் குறி போட்டிருக்கிறேன். எவை என்று எனக்கு மறக்காது. குறி இல்லாத நாலும்தான் உன்னுடையவை. ஒன்பது மாதத்தில் நாலு என்று டாக்டரிடம் சொல். இந்தக் காகிதத்தையும் காட்டு, என் கதை எழுதியிருக்கும் பகுதியை அவர் படிக்கட்டும். பெயர் வைப்பதா இல்லையா என்பது அவர் வேலை. சரியான தேதியைக் கொடுப்பதுதான் நம் வேலை. ஒரு விஷயத்தை மட்டும் நான் அம்மாவாகச் சொல்லிக்கொள்கிறேன்: அந்த அறையில் உன்னிடம் கேட்கிற கேள்விக்கு உன் சார்பில் யாரையும் பதில் சொல்ல விடாதே, என்னையும் சேர்த்து. நாளைக்கு உன்னைப் பெண் பார்க்க யாராவது வந்தாலும் அப்படித்தான். மறைத்து வைத்தால் அது சின்னதாகிவிடாது. நான் மறைத்துப் பார்த்தவள்.

மாரிச்செல்வி, நீயும் இதைப் படிக்கிறாய் என்று தெரியும். நீ ஒரு பொட்டும் தப்பாக ஒட்டவில்லை. முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு வா. முடியாது என்றால் நானே சிங்கப்பெருமாள் கோவிலுக்கு ஷேர் ஆட்டோ பிடித்துப் போய் அந்த வீட்டுக்காரம்மாவிடம் உன்னைப் பற்றி இல்லாததும் பொல்லாததும் சொல்லி விரட்டி அடிப்பேன். இது ஒன்றை மட்டும் குறும்பாக எடுத்துக்கொள். டாக்டர் அறையில் அந்த ஒற்றை நாற்காலியில் நீயே உட்கார். எனக்கு எரியும். எரியட்டும். நான் வெளியே தண்ணீர் பாட்டிலோடு நிற்கிறேன்.

இன்னும் ஒன்று, அம்மு. இந்த மாதத் தாளில், நேற்றைய தேதியில், ஒரு மஞ்சள் பொட்டு இருக்கும். யார் ஒட்டியது என்று மறுபடி சண்டை போட்டுக்கொள்ளாதீர்கள். நாலு மாதத்துக்குப் பிறகு நேற்றுத்தான் வந்தது. அது என்னுடையது.

அம்மா